எங்கள் அண்ணியின் ஆட்டமும் நடிப்பும்

எங்கள் அண்ணி எங்களை விட்டுப் பிரிந்து ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம். முறைப்படி இதை அண்ணன்தான் எழுதியிருக்க வேண்டும். "நான் எழுதினா இன்ஸ்பெக்‌ஷன் ரிப்போர்ட் மாதிரி இருக்கும் கலா, நீயே எழுதிடு" என்று சொல்லிவிட்டார். ஆகவே, அண்ணிக்கு வாய்த்த ஒரே நாத்தனாராகிய நான் எழுதுகிறேன்.

அண்ணியைத் தொலைக்காட்சியில் பார்த்து அறிந்தவர்கள் உங்களில் பலர். ஹூஸ்டனை அடுத்த கேட்டியில் பிள்ளைகளைப் பொங்கல் விழா நாடகத்துக்கு அழைத்து வந்து அவரோடு பழகியவர்கள் வேறு பலர். வெள்ளைக்காரப் பெண்மணி ஒருவர் "வாங், உக்காருங், சாப்டுட்டுத்தான் போகோணும்" என்று கோபிச்செட்டிபாளையத்துத் தமிழில் பேசுவதைக் கேட்டுத் திகைத்தவர்களும் இருப்பீர்கள். அவர் எங்கே பிறந்தார், எப்படி நடிகையானார் என்பதை முழுதாக அறிந்தவர்கள் குறைவு.

அண்ணி பிறந்தது ஸ்பெயின் நாட்டின் தென்கோடியில், மூன்று பக்கமும் கடல் சூழ்ந்த காடிஸ் நகரத்தில். தந்தையார் கப்பல் கட்டும் தளத்தில் வெல்டர். தாயார் வீட்டிலிருந்தபடியே ஃபிளமெங்கோ ஆடுபவர்களுக்கு உடை தைத்துக் கொடுத்தார். காலால் தரையை உதைத்துத் தாளம் எழுப்பி, கையால் தட்டி ஆடுகிற அவர்கள் ஊர் ஆட்டம் அது. உடையின் கீழ்ப்பகுதியில் அடுக்கடுக்காகச் சுருக்கம் வைப்பார்கள். தைத்து முடித்ததும் அது சரியாக விரிகிறதா என்று பார்க்க, சிறுமியாக இருந்த அண்ணிக்கு அதை மாட்டிச் சுழலச் சொல்வாராம் தாயார். தோளில் ஊசி குத்திப் பிடித்திருக்கும் பெரியவர்களின் உடையோடு சமையலறையில் சுழன்ற சிறுமியை, உடை வாங்க வந்த ஆட்ட ஆசிரியை ஒருவர் பார்த்திருக்கிறார். "இவளை என்னிடம் அனுப்பு, உடைக்குக் கூலி குறைத்துக்கொள்" என்று பேசி முடித்தாராம். அண்ணி இதைச் சொல்லும்போதெல்லாம், "எங்கம்மாவுக்கு அதுல நஷ்டம்தான்" என்று சிரிப்பார்.

பதினேழு வயதில் ஒரு குழுவில் சேர்ந்தார். கோடையில் ஒரு நாடு, குளிர்காலத்தில் ஒரு நாடு என்று பல ஆண்டுகள் ஊர் ஊராகச் சென்று ஆடினார். தந்தையார் மாரடைப்பில் இறந்தபோது அண்ணி மெக்ஸிகோவில் இருந்தார். குழுவில் அவருக்கு மாற்று ஆள் இல்லை. அன்று மாலை ஆடிவிட்டுத்தான் விமானம் ஏறினார். அவர் போய்ச் சேர்வதற்குள் அடக்கம் முடிந்துவிட்டது. அந்த ஆட்டத்தைப் பற்றி நான் ஒரே ஒரு முறை கேட்டேன். "அன்னிக்கு நான் நல்லா ஆடினேன் கலா, அதுதான் கஷ்டம்" என்றார்.

அதன்பின் குழு ஹூஸ்டனுக்கு வந்தது. அரங்கத்தில் ஒத்திகை பார்க்கும்போது அண்ணி திரும்பிய வேகத்தில் முழங்கால் அப்படியே நின்றுவிட, உடம்பு மட்டும் திரும்பியிருக்கிறது. ஜவ்வு முழுதாகக் கிழிந்துவிட்டது. அறுவை சிகிச்சை செய்த மருத்துவர், நடக்கலாம், மாடி ஏறலாம், மேடையில் காலை உதைத்து ஆடுவதை மட்டும் மறந்துவிடுங்கள் என்றார். குழு அடுத்த ஊருக்குப் போயிற்று. குணமானதும் வா என்று சொல்லிவிட்டுப் போனவர்கள், சில வாரங்களில் வேறொரு பெண்ணைச் சேர்த்துக்கொண்டார்கள். தெரிந்தவர் ஒருவரின் வீட்டில் ஓர் அறை, ஓர் ஊன்றுகோல், அரைகுறை ஆங்கிலம். அவ்வளவுதான் அண்ணியிடம் அப்போது இருந்தவை.

பேட்மின்டன் ஆடித் தோளைச் சுளுக்கிக்கொண்டு, அண்ணி போய்வந்த அதே பிசியோதெரபி நிலையத்துக்குப் போய்க்கொண்டிருந்தார், எண்ணெய்க் கம்பெனியில் குழாய்களைச் சோதிக்கும் வேலையிலிருந்த என் அண்ணன். ஹூஸ்டனில் கார் இல்லாமல் எங்கும் போக முடியாது. ஊன்றுகோலுடன் பஸ்ஸுக்காக வெயிலில் நின்ற பெண்ணைப் பார்த்து, வீட்டில் இறக்கிவிடட்டுமா என்று கேட்டிருக்கிறார். "உங்கண்ணன் முதல் நாள் கார்ல என்ன பேசினார் தெரியுமா? வழியெல்லாம் பைப்லைன்! எண்ணெய்க் குழாய்ல துரு எப்படிப் பிடிக்கும்னு. நான் நினைச்சேன், இவரு என்னை மயக்கப் பார்க்கலை, நிஜமாவே நல்லவர்" என்று அண்ணி பின்னாளில் எங்களிடம் சொல்வார். அண்ணனின் தோள் குணமான பிறகும் அவர் அந்த நிலையத்துக்குக் கார் ஓட்டிக்கொண்டுதான் இருந்தார்.

திருமணச் செய்தி ஊருக்குப் போனபோது எங்கள் வீடு கொதித்தது. அப்பா கோபியில் மஞ்சள் வியாபாரம் செய்தவர். ஊரில் நாலு பேர் மதிக்கிற மனிதர். வேறு நாடு, வேறு மதம் என்பதைக்கூட அவர் பெரிதாக எடுக்கவில்லை.

"மேடையில ஆடறவளையா கட்டிக்கிட்டு வரப்போற? ஊருக்குள்ள நான் எப்படீடா நடமாடறது?" என்று போனில் கேட்டார்.

"அவ இப்ப ஆடறதில்லீங்கப்பா. கால் போயிருச்சு."

"அப்ப நொண்டியுமா?" என்று போனை வைத்துவிட்டார்.

ஹூஸ்டனை அடுத்த பேர்லேண்ட் கோயிலில் நடந்த அந்தக் கல்யாணத்துக்கு எங்கள் வீட்டிலிருந்து அம்மாவும் நானும் மட்டுமே வந்தோம். அண்ணியின் பக்கத்திலிருந்து தாயாரும் தம்பியும் வந்திருந்தார்கள். இரண்டு சம்பந்திகளும் ஒருவர் பேச்சு ஒருவருக்குப் புரியாமல், ஒருவர் சேலையை, மற்றவர் பாவாடையைத் தொட்டுப் பார்த்துத் தையலைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தார்கள்.

அடுத்த ஆண்டு நான் மேல்படிப்புக்காக ஹூஸ்டன் வந்து, கேட்டியில் அண்ணன் வீட்டிலேயே தங்கினேன். அண்ணியின் வாழ்க்கையில் மிக இருண்ட காலம் அதுதான் என்று நினைக்கிறேன். அண்ணன் வேலைக்குப் போனதும் அவர் கராஜ் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, சிமென்ட் தரையைப் பார்த்தபடி நாற்காலியில் உட்கார்ந்திருப்பார். என்ன வேண்டும் என்று கேட்டால் ஒன்றுமில்லை என்பார். ஒருநாள் நானே பொறுக்காமல், "ஆடறது இல்லாட்டி வேற ஏதாவது பண்ணலாமே அண்ணி?" என்றேன். "எனக்கு மேடை மட்டும்தான் தெரியும்" என்று ஆங்கிலத்தில் சொன்னார்.

மேடை ஏற இன்னொரு வழி நடிப்பு என்று கண்டுபிடித்தவரும் அவரே. கம்யூனிட்டி காலேஜில் நடிப்பு வகுப்பில் சேர்ந்தார். முப்பதைத் தாண்டியவர், உடன் படித்தவர்கள் எல்லாம் பள்ளி முடித்த கையோடு வந்த பிள்ளைகள். அங்கே அவருக்கு வந்த தடை யாரும் எதிர்பாராதது. கூட்டத்தின் முன்னால் எத்தனையோ ஆண்டுகள் நின்றவருக்கு, வாயைத் திறந்து பேசப் பயம். "கால் பேசும் கலா. வாய்தான் பேசாது" என்பார். அவருடைய ஆங்கிலத்தில் ஸ்பானியம், என்னுடையதில் கோபி. சமையலறையில் இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து வசனங்களைச் சொல்லிச் சொல்லிப் பழகினோம். அவர் தேறினாரோ இல்லையோ, எனக்கு வேலைக்கான இன்டர்வியூவில் நல்ல பெயர் கிடைத்தது.

ஆடிஷனுக்குப் பெரும்பாலும் வீட்டிலேயே வீடியோ எடுத்து அனுப்ப வேண்டும். எதிரில் நடிப்பவரின் வசனத்தை யாராவது கேமராவுக்குப் பின்னாலிருந்து வாசிக்க வேண்டும். அது அண்ணனின் வேலை. உருகி உருகிப் பேச வேண்டிய காதலனின் வசனத்தைக்கூட அவர் தீயணைப்பு விதிகளைப் படிப்பது போல வாசிப்பார். அண்ணி சிரிப்பை அடக்கிக்கொண்டு நடிப்பார். "இவருக்கே நான் அழுதுட்டேன்னா, யாருக்கு வேணும்னாலும் அழுவேன்" என்பார். அவருக்கு முதல் நாடக வாய்ப்பை வாங்கிக் கொடுத்ததும் அப்படிப்பட்ட ஒரு வீடியோதான். மருத்துவமனை வராந்தாவில் காத்திருக்கும் ஒரு பெண். சில வரி வசனம். அதைப் பார்த்த டயான் என்ற இயக்குநர், "பேசாத நேரத்தில் இவரைப் போல உட்கார இங்கே யாருக்கும் தெரியாது" என்றாராம். டயான் அன்றிலிருந்து இருபது ஆண்டுகளாக எங்கள் குடும்பத்தில் ஒருவர்.

திரை வாய்ப்பும் வந்தது. ஆனால் வந்த வேடங்கள் எல்லாம் வீட்டு வேலை செய்யும் பெண், ஹோட்டலில் படுக்கை விரிக்கும் பெண். அண்ணி அவற்றை இழிவாக நினைக்கவில்லை. ஒவ்வொருத்திக்கும் ஓர் ஊர், ஒரு கோபம், ஒரு விருப்பம் என்று தாமாகவே யோசித்து வைத்துக்கொண்டு நடிப்பார். ஒரு திரைப்படத்தின் படப்பிடிப்பில் அதன் இயக்குநர், "இங்கிலீஷ் ரொம்ப நன்றாக இருக்கிறது, இன்னும் தப்புத்தப்பாக உடைத்துப் பேசுங்கள், சிரிப்பு வர வேண்டும்" என்றிருக்கிறார். அண்ணி மூன்று முறை வேறு வேறு விதமாகப் பேசிக் காட்டினார். ஒவ்வொரு முறையும் இன்னும் உடை, இன்னும் உடை. கடைசியில் ஏப்ரனைக் கழற்றி மடித்து நாற்காலியில் வைத்துவிட்டு வந்துவிட்டார்.

அன்று மாலை வீட்டுக்கு வந்தவர், "இத்தனை வருஷம் உக்காந்து ஒட்ட வெச்சதை ஒருத்தன் உடைக்கச் சொல்றான்" என்று மட்டும் சொன்னார். வேடம் தேடித் தரும் ஏஜென்ட் கோபித்துக்கொண்டார். நெடுநாள் ஓர் அழைப்பும் வரவில்லை. அண்ணி வருந்தினார், ஆனால் செய்தது தவறு என்று ஒருநாளும் சொன்னதில்லை. அந்த இடைவெளியில்தான் மகள் மீரா பிறந்தாள். எங்கள் அம்மாவிடம் அண்ணி தினமும் வீடியோ காலில் தமிழ் கற்றதும் அந்தக் காலத்தில்தான். குழந்தைக்கு உரமருந்தை உரைத்துக் கொடுப்பது எப்படி, ரசத்துக்குப் புளி எவ்வளவு என்பதில் தொடங்கிய பாடம் அது. அம்மாவுக்கு வேறு தமிழ் தெரியாதாகையால் அண்ணிக்கும் கொங்குத் தமிழ்தான் வந்தது. 'ழ' மட்டும் வரவில்லை. அது எங்கள் சொந்தக்காரர்களில் பலருக்கும் வராது.

மீராவுக்கு ஆறு வயதானபோது அம்மாவுடன் அப்பா முதன்முறையாக அமெரிக்கா வந்தார். பேத்தியைப் பார்க்கத்தான் வந்தார். மருமகளிடம் நேராக ஒரு வார்த்தை பேசமாட்டார். "காபி போதும்னு அந்தப் பொண்ணுகிட்டச் சொல்லு" என்று அம்மாவிடம் சொல்வார். அந்தப் பொண்ணு பக்கத்தில்தான் நிற்பார். "இன்னும் ரவையூண்டு குடிக்கச் சொல்லுங் அத்தை" என்று அண்ணியும் அம்மாவிடமே பதில் சொல்வார்.

அந்தச் சமயம் டயானின் நாடகத்தில் அண்ணிக்கு முதன்முறையாகக் கதாநாயகி வேடம். குடிகாரக் கணவனிடம் சிக்கிய ஒரு பெண்ணின் கதை. அப்பாவை அழைத்துப் போவதா வேண்டாமா என்று அண்ணன் தயங்கினார். அம்மாதான், "வந்த எடத்துல ஊட்டுக்குள்ளயே உக்காந்துட்டு என்ன பண்றீங்க? கெளம்புங்க" என்று அதட்டினார்.

இரண்டாவது வரிசையில் உட்கார்ந்திருந்தோம். கணவனாக நடித்தவர் ஜெஃப் என்பவர். பகலில் மழலையர் பள்ளி ஆசிரியர், பூனையைக்கூட அதட்டமாட்டார். நாடகத்தின் நடுவில் அவர் கையை ஓங்கி அண்ணியின் கன்னத்தில் அறைந்தார். அரங்கமெங்கும் 'பளார்' என்று ஒலித்தது. அண்ணி தடுமாறி மேசையில் சாய்ந்தார்.

அப்பா எழுந்து நின்றுவிட்டார்.

"டேய்! யார் மேலடா கைய வெக்கற? எறங்கி வாடா இங்க!"

அண்ணன் அப்பாவின் வேட்டி நுனியைப் பிடித்து இழுத்தார். ஜெஃப் மேடையில் வெளிறிப்போய் நின்றார். அண்ணி மெல்ல நிமிர்ந்தார். பாத்திரத்தின் முகம் மாறாமல், கூட்டத்தை நோக்கித் திரும்பி, தமிழில் சொன்னார்:

"ஒண்ணுமில்லீங் மாமா. நான் பாத்துக்கறேன். நீங்க உக்காருங்."

அப்பா உட்கார்ந்தார். அண்ணி திரும்பி, கணவனைப் பார்த்து அடுத்த வசனத்தைச் சொன்னார். அன்றைக்கு அந்த வசனத்துக்கு இருந்த பலம் வேறு எந்த நாளிலும் இருந்ததில்லை என்று டயான் சொல்வார். அது நாடகத்தின் பகுதியென்றே பலர் நினைத்துக்கொண்டார்கள். வெளியே வரும்போது ஒரு பெண்மணி அப்பாவிடம் வந்து, நீங்கள் நன்றாக நடித்தீர்கள் என்று பாராட்டிவிட்டுப் போனார். மன்னிப்புக் கேட்க ஓடிவந்த ஜெஃபுக்கு மட்டும் அப்பா கை கொடுக்கவில்லை.

அண்ணியையும் ஏற்றிக்கொண்டு காரில் கிளம்பினோம். ஃப்ரீவேயில் ஏறிய பிறகு, முன் இருக்கையிலிருந்த அப்பா தலையைத் திருப்பாமலே கேட்டார்.

"கன்னம் வலிக்குதா அம்மிணி?"

அம்மாவிடம் கேட்கவில்லை; அண்ணியிடம் கேட்டார். பின்னால் என் பக்கத்திலிருந்த அண்ணி முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார்.

"இல்லீங் மாமா. அவரு கை என் மேல படவே இல்லீங்."

"சத்தம் கேட்டுச்சே?"

"அது நானு தட்டினதுங். அவரு கை வீசற நேரத்துல நானு கீள கையத் தட்டிக்குவேன்." அண்ணி தட்டிக் காட்டினார். ஃபிளமெங்கோவில் பழகிய கை, கார் அதிர்ந்தது. அப்பா திரும்பிப் பார்த்து, இன்னொரு தடவை தட்டச் சொன்னார். வீடு வந்து சேரும்வரை தட்டச் சொல்லிக்கொண்டே இருந்தார். அந்தப் பயணத்தில் எஞ்சிய நாட்கள் முழுதும் மாமனாரும் மருமகளும் கூடத்தில் நின்று அறைவதும் தட்டுவதுமாகப் பழகினார்கள். ஊருக்குத் திரும்பிய அப்பா, மஞ்சள் மண்டியில் வந்துபோகிறவர்களுக்கெல்லாம் அதைச் செய்து காட்டியதாகக் கேள்விப்பட்டோம்.

அந்த நாடகத்துக்குப் பிறகு அண்ணிக்கு நல்ல காலம் வந்தது. ஆஸ்டினில் எடுத்த தொலைக்காட்சித் தொடரில் நீதிபதியாக வந்தார். மளிகைக் கடையில் அவரை நிறுத்திப் படம் எடுத்துக்கொள்வார்கள். அப்பா தம்முடைய இறுதிக்காலத்தில் கோபி ஆஸ்பத்திரியில் படுத்துக்கொண்டு, நர்ஸ்களிடம், "என்ற மருமக அங்க டிவியில ஜட்ஜு" என்று சொல்லிக்கொண்டிருந்தார். அந்த ஜட்ஜு படப்பிடிப்பைத் தள்ளி வைத்துவிட்டுப் பறந்து வந்து, அவர் கண்ணை மூடும்போது பக்கத்தில் இருந்தார். தம் தந்தையாருக்குச் செய்ய முடியாததை எங்கள் தந்தையாருக்குச் செய்தார். அதன்பின் அம்மாவையும் கேட்டிக்கே அழைத்து வந்துவிட்டார்.

பொங்கல் நாடகங்களைப் பற்றிச் சொல்லாவிட்டால் இங்குள்ள பெற்றோர் என்னை விடமாட்டார்கள். பிள்ளைகள் ஒத்திகையில் ஆங்கிலத்திலேயே பதில் சொல்வார்கள். அண்ணி விடமாட்டார். "தமிள்ல சொல்லு கண்ணு." ஒரு பெண் பொறுக்காமல், "ஆன்ட்டி, யூ ஆர் நாட் ஈவன் தமிழ்!" என்றாள். அண்ணி சிரித்துவிட்டு, "ஆமா, அதனாலதான் நான் கஷ்டப்பட்டுக் கத்துக்கிட்டேன். உனக்குச் சும்மா கெடைச்சிருக்கு, வாங்கிக்க" என்றார்.

டயானின் ஒரு நாடகத்தின் ஒத்திகையின்போது அண்ணி ஏந்திய தேநீர்க் கோப்பை தட்டில் கடகடவென்று ஆடியது. இடது கை நடுங்கியது. அண்ணி சில வாரங்கள் அதை மறைத்தார். கையைப் பையில் விட்டுக்கொள்வார், நாற்காலியைப் பிடித்துக்கொள்வார். மருத்துவர் பார்க்கின்சன் நோய் என்றார். அன்று மீரா காரில் அழுதுகொண்டே, "அம்மா, யு கேன் ஸ்டாப் நவ். போதும்மா" என்றாளாம். அண்ணி மறுநாளே டயானிடம் போய் உண்மையைச் சொன்னார். வேறு ஆளைப் போடுவதானால் போட்டுக்கொள்ளுங்கள், ஆனால் எனக்கு நடிக்க வேண்டும் என்றார். டயான், "கோப்பை இருக்கட்டும். அந்தப் பெண்ணின் கையும் நடுங்கட்டும்" என்றார். அந்த வேடத்தை அண்ணி எல்லாக் காட்சிகளிலும் நடித்து முடித்தார். அதற்குப் பின்னும் சில ஆண்டுகள், நின்று நடிக்க முடியாதபோது உட்கார்ந்தும், உரத்துப் பேச முடியாதபோது மைக் வைத்துக்கொண்டும் நடித்தார். முழங்கால் போனபோது கராஜில் அசையாமல் உட்கார்ந்திருந்தவரை நான் பார்த்திருக்கிறேன். இந்த முறை அவர் ஒருநாள்கூட அப்படி உட்காரவில்லை.

இறுதி மாதங்களில் குரல் அடங்கிவிட்டது. அண்ணன் வேலையை விட்டுவிட்டு உடனிருந்தார். நாடகக் குழுவினர் முறை வைத்துக்கொண்டு வந்து, படுக்கையருகே உட்கார்ந்து நாடகங்களை வாசித்துக் காட்டினார்கள். நுரையீரலில் சளி கட்டி, ஒரு காலை வேளையில், மீராவின் கையைப் பிடித்தபடியே அண்ணி அமைதியாகப் போய்விட்டார்.

இறுதிச் சடங்கில் பாதிரியாரும் வந்து ஜெபித்தார். எங்கள் சாஸ்திரிகளும் வந்து செய்ய வேண்டியதைச் செய்தார். காடிஸிலிருந்து அண்ணியின் தம்பி வந்திருந்தார். பெட்டியைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தபோது, அதுவரை தலை குனிந்து நின்ற அந்த மனிதர் திடீரென்று கை தட்டத் தொடங்கினார். டயான் தட்டினார், ஜெஃப் தட்டினார், நாடகக் குழுவே தட்டியது. எங்கள் உறவினர்கள் திகைத்துப் போனார்கள். சக்கர நாற்காலியிலிருந்த அம்மா பதறிக் கேட்டார்.

"என்ன கண்ணு இது? எளவு ஊட்ல எதுக்குக் கை தட்றாங்க?"

மீரா அவர் காதருகே குனிந்தாள். "பாட்டி, ஸ்பெயின்ல நடிகர்கள் இறந்துட்டா இப்படித்தான் செண்ட் ஆஃப் பண்ணுவாங்க. இட்ஸ் ரெஸ்பெக்ட், பாட்டி. கடைசிக் கைதட்டு."

அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிறகு எண்பது வயது கடந்த அந்தக் கைகளைத் தூக்கி, ஓசை அவ்வளவாக எழாவிட்டாலும், தட்ட ஆரம்பித்தார். அதைப் பார்த்துக் கோபியிலிருந்து வந்த சித்தப்பா தட்டினார். கேட்டிப் பிள்ளைகள் தட்டினார்கள். வண்டியின் கதவு சாத்தும்வரை யாரும் நிறுத்தவில்லை.

அண்ணியைக் கவனித்துக்கொண்ட மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும், மாதக்கணக்கில் எங்கள் வீட்டுக்குச் சமைத்து அனுப்பிய கேட்டி அக்கம்பக்கத்தாருக்கும், வாசித்துக் காட்டிய நாடக நண்பர்களுக்கும், கடல் கடந்து வந்த இரு குடும்பத்து உறவினர்களுக்கும் எங்கள் மனமார்ந்த நன்றி. அன்று ஏன் என்று புரியாமலே எங்களோடு சேர்ந்து கை தட்டியவர்களுக்கு, இன்னும் கொஞ்சம் கூடுதலாக.

அன்புடன்,
நாத்தனார் கலாமணி
பேர்லேண்ட், டெக்ஸஸ்